மிளகாய் அரைத்தேன், என் காது எரிந்தது

மாசாணியம்மனை நம்பி வாழும் உங்களிடம் இதைச் சொல்ல எனக்கு வெட்கமாகத்தான் இருக்கிறது. வெட்கத்தைப் பார்த்தால் முடியுமா? சொல்லிவிடுகிறேன்.

நான் கோயமுத்தூரில் போலீஸ் சப்-இன்ஸ்பெக்டர். கணபதியில் வீடு. சீனியாரிட்டிப் பட்டியல் வந்த அன்று என் பெயருக்கு மேலே திலகாவின் பெயர் இருந்தது. இருவரும் ஒரே நாளில் கான்ஸ்டபிளாகச் சேர்ந்தவர்கள். சொல்லாமல் லீவு போட்டாள் என்று அந்தக் காலத்திலேயே அவளுக்குத் தண்டனை கிடைத்தது. அதனால் பதவி உயர்வில் பின்தங்கினாள். இப்போது ஆஸ்பத்திரிச் சீட்டைக் காட்டி அந்தத் தண்டனையை ரத்தாக்கி, இழந்த இடத்தை வாங்கிவிட்டாள். எனக்கு ரிட்டயர்மென்டுக்கு ஒன்றரை வருஷம்தான் பாக்கி. இன்ஸ்பெக்டர் பதவி ஒன்றுதான் காலி. வயிறு பற்றி எரிந்தது. ஹைகோர்ட்டில் வழக்குப் போட்டேன். "அன்று திலகாவிடமிருந்து எந்தத் தகவலும் வரவில்லை. ஸ்டேஷன் ரைட்டராக இருந்து நாட்குறிப்பு எழுதியவள் நானே" என்று சத்தியம் செய்து கையெழுத்தும் போட்டேன்.

வாய்தா மேல் வாய்தா. சோறு இறங்கவில்லை. தை அமாவாசையன்று ஆனைமலை மாசாணியம்மன் கோயிலுக்குப் போனேன். அநியாயத்துக்கு ஆளானவர்கள் அங்கே மிளகாய் அரைத்து நீதிக்கல்லில் பூசுவார்கள். தப்பு செய்தவர் உடம்பு எரியும். உங்களுக்குத் தெரியாததா! திலகாவின் பெயரைச் சொல்லிக்கொண்டே அரைத்தேன். பக்கத்தில் அரைத்துக்கொண்டிருந்த அம்மா தடுத்தார்.

"பேரு சொல்லிப்போடாதீங்க அம்மணி. தப்பு ஆரு மேலயோ அவிய எரியட்டும்னு மட்டும் கேளுங்க. ஆருன்னு ஆத்தாளுக்குத் தெரியுமுங்க."

போலீஸ்காரிக்கே குற்றவாளி யாரென்று தெரியாதாக்கும் என்று நினைத்துக்கொண்டேன். இருந்தாலும் அப்படியே கேட்டுவிட்டுப் பூசினேன்.

திரும்பும்போது பொள்ளாச்சியில் செல்போன் அடித்தது. இடது காதில் வைத்ததும் மிளகாயை அப்பியது போல எரிந்தது. அரைத்தது வலது கை. இடது காதை நான் தொடவே இல்லை.

"கை பட்டிருக்கும் அம்மணி, கழுவு" என்றார் கூட வந்திருந்த என் வீட்டுக்காரர்.

கழுவினேன், மோர் தடவினேன். மறுநாளும் எரிந்தது. எங்கே போன் மணி கேட்டாலும் எரிந்தது. காது டாக்டர் ஒன்றுமில்லை என்றார். சிவக்கக்கூட இல்லை. எனக்குப் பயம் பிடித்துக்கொண்டது. "தாயே, எனக்கு எதற்கு இது? காட்டிக்கொடு" என்று தினமும் அழுதேன்.

மூன்றாம் வாரம், ஸ்டேஷனில் பட்டப்பகலில், மேஜைப் போன் விடாமல் அடித்தது.

"ஆராச்சும் எடுங்களே!"

எதிரே இருந்த பெண் கான்ஸ்டபிள் என்னையே பார்த்தாள். "மேடம், போன் அடிக்கவே இல்லீங்களே."

ரிசீவரை எடுத்துக் காதில் வைத்தேன். எரிச்சல் தலைக்கு ஏறியது. உள்ளே ஒரு குரல். "அக்கா, கொழந்தைக்கு வலிப்பு வந்துருச்சுங்க்கா. ஆஸ்பத்திரில இருக்கறேன். ரெண்டு நாள் லீவு எழுதிப்போடுங்க்கா." திலகாவின் குரல்தான். ஆனால் இப்போதைய குரல் அல்ல, இருபத்து நான்கு வயதுத் திலகாவின் குரல்.

ஐயோ, எனக்கு எல்லாம் ஞாபகம் வந்துவிட்டது. அன்று மந்திரி வருகை. ஸ்டேஷனே அல்லோலகல்லோலம். "செரி கண்ணு" என்று வைத்துவிட்டு, எழுத மறந்துபோனேன். விசாரணை வந்தபோது என் வேலை போய்விடுமோ என்று பயந்து, தகவல் வரவில்லை என்றேன். வருஷக்கணக்கில் சொன்ன பொய் எனக்கே உண்மையாகிவிட்டது.

வக்கீலிடம் போய் வழக்கை வாபஸ் வாங்கச் சொன்னேன். "ஏனுங்க மேடம், செயிக்கற கேஸுங்க!" என்று தலையில் கை வைத்துக்கொண்டார். நடந்ததை அப்படியே எழுதிக் கோர்ட்டில் கொடுத்தேன். எழுதி முடித்ததும் எரிச்சல் நின்றது. பிறகு வரவே இல்லை.

அடுத்து திலகாவின் வீட்டுக்குப் போனேன். திட்டுவாள், அடித்தாலும் வாங்கிக்கொள்ளலாம் என்றுதான் போனேன். எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். அவள் ஒன்றே ஒன்று கேட்டாள். "அப்ப நான் போன் பண்ணுனது நெசந்தானுங்களாக்கா? நீங்க அடிச்சுச் சொன்னதுல, பண்ணவே இல்லையோ, புத்திதான் பெரண்டுபோச்சோன்னு இத்தனை வருசமா எனக்கே சந்தேகமுங்க்கா."

அவள் காலைப் பிடித்து அழுதேன்.

இன்ஸ்பெக்டர் பதவி அவளுக்குப் போயிற்று. பொய் சொன்னதற்கு எனக்கு சார்ஜ் மெமோ வந்தது. வாங்கிக்கொண்டேன். ஆனைமலைக்குப் போய் அம்மன் குளிர எண்ணெய்க் காப்பு செய்தேன். இப்போது யார் போன் செய்தாலும், பேசும்போதே எழுதிவிடுகிறேன்.

அநியாயம் நடந்துவிட்டது என்று தவிக்கிறவர்களே, தைரியமாகப் போங்கள். அம்மன் கட்டாயம் கேட்பாள். நான் ஞாயம் கேட்டேன். அவள் கொடுத்துவிட்டாள், திலகாவுக்கு.