தண்ணீர் வந்ததால் கைவிட்ட கிணறு

1974 பிப்ரவரியின் கடைசி ஞாயிறன்று ஆரம்பாக்கத்துச் சேரியின் சின்னக் கிறிஸ்தவக் கோயிலில் நாற்பத்தொரு பேர் இருந்தார்கள். குழந்தைகளைச் சேர்க்காத கணக்கு. சின்னப்பொண்ணு அவர்களை எண்ணியது அன்றைக்கு இல்லை. மூன்று மாதம் கழித்து, மே மாதத்தில், அடுப்பில் சோறு குழைவதுகூடத் தெரியாமல் உட்கார்ந்து, ஒவ்வொரு முகமாக நினைவுக்குக் கொண்டுவந்து எண்ணினாள்.

அவளுடைய கணவர் தாவீது கிணறு வெட்டுகிறவர். பட்டாளத்தில் சேருவதற்கு முன்பு சுற்றுவட்டாரத்தில் பதினேழு கிணறு வெட்டியவர். ஊற்றுக் கண் திறந்ததும் நிலத்துக்காரர் வெட்டியவனுக்கு ஒரு வேட்டி கொடுப்பார். வெட்டியவன் வீட்டில் வெல்லம் கரைத்துத் தெருவுக்கே ஊற்றுவார்கள். மறுநாளிலிருந்து அந்தக் கிணற்றில் வாளி விட அவனுக்கு உரிமை கிடையாது. பதினேழிலும் அப்படித்தான். சீனாவுடன் சண்டை முடிந்த கையோடு படைக்கு ஆள் எடுத்தபோது தாவீது வரிசையில் போய் நின்றார். மண் வெட்டத் தெரியும் என்றதும் பொறியாளர் படைப்பிரிவில் போட்டார்கள்.

பிப்ரவரியில் அவரிடமிருந்து ஒரு கடிதம் வந்தது. வழக்கமான கடிதம் இல்லை. படையில் எழுதும் கடிதங்களை மேலதிகாரி பிரித்துப் படித்த பிறகே தபாலில் சேர்ப்பார். இதைத் தாவீது, பணி முடிந்து ஊர் திரும்பிய நண்பர் ஒருவரிடம் கொடுத்துவிட்டு, சென்னையில் பெட்டியில் போடச் சொல்லியிருந்தார். சின்னப்பொண்ணுக்குப் படிக்கத் தெரியாது. தாவீதின் தம்பி மோசஸ்தான் படித்தான்.

“பாலைவனத்துல கெணறு வெட்றோம். இவ்ளோ ஆழம் நான் பாத்ததே இல்ல. போன மாசம் ஊத்து வந்துச்சு. நம்ம ஊரா இருந்தா வேட்டி கட்டியிருப்பாங்க. இங்க ஆபீசருங்க மொகம் செத்துப் போச்சு. அத அப்படியே வுட்டுட்டு, தண்ணி வராத எடமா பாத்து வேற ஒண்ணு வெட்டச் சொல்லிட்டாங்க. இன்னா கெணறுன்னே புரியல.”

ஊற்று வந்தது என்ற சொல் போதுமாக இருந்தது அவளுக்கு. அன்றே வெல்லம் கரைத்தாள். ஞாயிறன்று சாட்சி சொல்லும் நேரத்தில் எழுந்து நின்றாள். கடவுள் தனக்குச் செய்த நன்மையைச் சபை நடுவே சொல்வது அங்கே வழக்கம். “எங்கூட்டுக்காரரு வனாந்தரத்துல தண்ணி கண்டாரு” என்று சொல்லிவிட்டுக் கடிதத்தைப் போதகர் சாலமோனிடம் நீட்டினாள். அவர் முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும், இடத்தின் பெயர் உட்பட, ஓங்கிய குரலில் படித்தார். அதிகாரிகள் முகம் செத்த இடத்தில் கோயிலே சிரித்தது.

“வடநாட்டான் தண்ணி வந்தா அழுவான் போலக்கீது!” என்றாள் பின்வரிசையிலிருந்து மணியம்மாள்.

மே 18, சனிக்கிழமை. ரயில் வேலைநிறுத்தம் தொடங்கிப் பத்து நாள் ஆகியிருந்தது. எண்ணூர்ப் பக்கம் ஆலை வேலைக்குப் போகிற மோசஸ் வண்டி இல்லாமல் ஊரிலேயே கிடந்தான். அன்று மத்தியானம் நெடுஞ்சாலை டீக்கடை ரேடியோவில் செய்தி கேட்டவன் ஓட்டமும் நடையுமாக வந்தான்.

“அண்ணி, நம்ம ஆளுங்க அணுகுண்டு வெடிச்சுட்டாங்க! பூமிக்கு அடியில! அமைதிக்காகன்னு சொல்றான்.”

“எங்க?”

“ராஜஸ்தான்ல, பாலை...” என்று தொடங்கியவன் பாதியில் நிறுத்தினான்.

இருவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். தண்ணீர் வரக் கூடாத கிணறு எதற்கு என்று இப்போது புரிந்தது.

அவளுக்கு முதலில் வந்த பயம் வேறு. “அவரு உள்ள இருந்தாரா?”

“சீச்சீ. ஆளெல்லாம் தூரமா போனப்புறந்தான் வெடிப்பாங்க. யாருக்கும் ஒண்ணும் ஆவலன்னு சொன்னான்.”

“சொன்னவன் பாத்தானா?”

தந்தி அடிக்கலாம் என்றால், என்னவென்று அடிப்பது? கடிதம் போட்டால் ரயில் இல்லை. இரண்டாவது பயம் ஞாயிறு காலையில் வந்தது. செய்தித்தாள் பஸ்ஸில் வந்து சேர்ந்திருந்தது. இத்தனை வேலையையும் உலகத்துக்குத் தெரியாமல், மந்திரிகளில் பாதிப் பேருக்கே சொல்லாமல் செய்தார்கள் என்று பேசிக்கொண்டார்கள். மந்திரிக்குத் தெரியாதது ஆரம்பாக்கத்தில் நாற்பத்தொரு பேருக்குத் தெரியும். வாய் ஓயாத மணியம்மாளுக்கும் தெரியும்.

அன்று கோயிலுக்கு அவள் போகவில்லை. ஆராதனை முடிந்ததும் போதகர் தாமே வந்தார். அவர் முகத்திலும் ரத்தம் இல்லை. படித்தது அவர் வாய் அல்லவா?

“எதுக்குய்யா இது நம்மளுக்கு?” என்று கேட்டாள் சின்னப்பொண்ணு.

மோசஸ் முந்திக்கொண்டான். “சீனாக்காரன் அறுபத்திநாலுலயே வெடிச்சுட்டான் அண்ணி. அஞ்சு தேசத்துக்காரன் கையில வச்சுக்கினு, இனிமே வேற எவனும் செய்யக் கூடாதுன்னு பத்திரம் எழுதி நீட்றான். நம்ம கையெழுத்துப் போடல. ஊர்ல அஞ்சு வூட்டுக்காரன் கெணறு வெட்டிக்கினு, சேரிக்காரன் வெட்டக் கூடாதுன்னா நீ ஒத்துக்குவியா?”

“கெணறு வெட்னா தண்ணி வரும். இதுல இன்னா வரும்?”

போதகர் மெதுவாகச் சொன்னார். “செய்யத் தெரிஞ்சும் வேணாம்னு இருக்கற தேசமும் இருக்கும்மா. கனடாவால முடியும், செய்யல. ஜப்பான்காரன் ரெண்டு ஊரை எரியக் குடுத்தவன், அவனும் வேணாங்கறான்.”

“கனடாவுக்குப் பக்கத்தூட்ல அமெரிக்காக்காரன் காவல் இருக்கான், வேணாங்கலாம்” என்றான் மோசஸ். “ஜப்பானுக்கும் அவன்தான் காவல். நமக்கு யாரு?”

“அப்போ கவர்மென்ட்டும் பயந்துதான் செஞ்சுதா?”

“பயந்தான் அண்ணி.”

அது அவளுக்கு ஆறுதலாக இல்லை. பயந்தவன்தான் கண்மூடி அடிப்பான் என்று அவளுக்குத் தெரியும்.

புதன்கிழமை பேன்ட் போட்ட ஒருவர் சைக்கிளில் வந்தார். டீக்கடையில் தாவீது வீடு எது என்று கேட்டார். ஐந்து நிமிடத்தில் சி.ஐ.டி. வந்துவிட்டான் என்று சேரி முழுக்கச் செய்தி பரவியது. கதவுகள் சாத்தப்பட்டன. வழியில் அகப்பட்டவள் மணியம்மாள்.

“தாவீதா? எந்தத் தாவீது, நைனா?”

“பட்டாளத்துல இருக்காரே.”

“இங்க பட்டாளத்தான் யாரும் இல்ல. தடாவுல கேளு. அந்தாண்ட ஆந்திராவுல.”

“அந்தூட்டு வாசல்ல பேரு எழுதிக்கீதே?”

“அது பைபிள்ல வர்ற தாவீது” என்றாள் மணியம்மாள் கண் இமைக்காமல்.

சின்னப்பொண்ணு கதவிடுக்கில் நின்று எல்லாவற்றையும் பார்த்தாள். பிறகு, வந்தவரைக் கவனித்தாள். யாராவது பின்னால் வருகிறார்களா என்று அவரே திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டிருந்தார். கதவைத் திறந்தாள்.

“என் பேரு பாக்கியராஜ்மா. பொன்னேரி. அண்ணன் குடுத்த லெட்டரைப் போட்டவன் நான்தான்” என்றார் அவர், உள்ளே வந்து கதவைத் தானே சாத்திக்கொண்டு. “நாலு நாளா தூக்கம் இல்ல. அதுல வேலயப் பத்தி ஏதாச்சும் எழுதியிருந்தாரா?”

அவள் கடிதத்தை எடுத்துக் கொடுத்தாள். அவர் படித்தார். படித்ததும் அடுப்பைப் பார்த்தார்.

“எரிச்சுடலாமா?”

“எரிங்க.”

காகிதம் ஒரு மூச்சில் தீர்ந்தது. அவர் பெருமூச்சு விட்டார். “இது தெரிஞ்சது நீயும் நானுந்தான். இனிமே பேஜாரு இல்ல.”

“அண்ணா, நான் கோயில்ல சாட்சி சொல்லிட்டேன்.”

“இன்னா சாட்சி?”

“இதத்தான். போதகர் ஐயரு முழுசா படிச்சாரு.”

பாக்கியராஜ் தரையில் உட்கார்ந்துவிட்டார். “மறுபடி கோயில்ல எழுந்து நின்னு, யாரும் வெளிய சொல்லாதீங்கன்னு கேட்டுப் பாரு” என்றார். அதைப் போதகரிடம் கொண்டுபோனபோது அவர் கையை உதறினார். “வேணாம்மா. மறந்தவனுக்கும் ஞாபகம் வந்துடும்.”

ஆகவே அவள் வாயைத் திறக்கவில்லை. சபையும் திறக்கவில்லை. ஆனால் அதற்குப் பிறகு தண்ணீர் எடுக்கும் வரிசையில், களை எடுக்கும் வயலில், அவள் வந்தால் பேச்சு நின்றது. அன்பினாலா, பயத்தினாலா என்று அவளுக்குப் பிரித்துப் பார்க்க முடியவில்லை. தபால்காரர் மணி அடித்தால் அவள் கொல்லைப்பக்கம் போய் நின்றாள்.

ஜூலை மாதத்து ஒரு சனிக்கிழமை சாயங்காலம் தாவீது தகரப் பெட்டியோடு வந்து இறங்கினார். இளைத்துக் கறுத்திருந்தார். கையும் காலும் சரியாக இருந்தன. பிள்ளைகள் இருவரும் அவர் மேல் ஏறினார்கள். சின்னப்பொண்ணு அவரைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தாள்.

சாப்பிடும்போது அவர் குரலைத் தாழ்த்தினார். “மேல எழுதி வாங்கிக்கினாங்க. ஊர்ல ஒரு வார்த்த பேசினாலும் ஜெயிலுன்னாங்க. அந்த லெட்டர் இருக்குதா?”

“எரிச்சுட்டேன்.”

“நல்ல வேல செஞ்ச. யார்கிட்டயாச்சும் சொன்னியா?”

அவள் குழம்பை ஊற்றினாள். கல்யாணமாகிப் பன்னிரண்டு வருஷத்தில் அவரிடம் அவள் பொய் சொன்னதில்லை.

“யார்கிட்ட சொல்லப் போறேன்?”

அவர் தலையசைத்துவிட்டுச் சோற்றைப் பிசைந்தார். பிறகு கேட்டார்: “நாளைக்கு எத்தினி மணிக்குக் கோயிலு? எல்லாரையும் பாத்து ஒரு வருஷம் ஆச்சு.”

“நாளைக்கு எங்கம்மா ஊட்டுக்குப் போலாம்” என்றாள் சின்னப்பொண்ணு. “உன்னப் பாக்கணும்னு பேஜாரு பண்ணிக்கினு இருக்கு.”

மறுநாள் காலை, கோயில் மணி அடிப்பதற்கு முன்பே, ஐந்தே முக்கால் பஸ்ஸில் அவர்கள் நான்கு பேரும் அவள் அம்மா ஊரான ஆரணிக்குப் போனார்கள்.