டல்சி விழுந்த இடம்

டல்சி டிரெவாரோ செத்து நாற்பது வருஷம் ஆனதை முன்னிட்டு ஊர் கூடி ஒரு நினைவுக்கல் திறப்பதாக முடிவாயிற்று. அந்த விழாவுக்கு வருகிறவர்களுக்கு, கறியும் கிழங்கும் வைத்து மடித்த பேஸ்ட்டி சுட்டுத் தரச்சொல்லி ஊர்க்காரர்கள் ஆள் அனுப்பியதும் டல்சியிடம்தான்.

வந்தவள் வெர்னா கிட்டோ. ஊர் முன்னேற்றச் சங்கத்தின் தலைவி. கடற்கரையில் சுற்றுலா வண்டிகள் தங்கும் பூங்காவுக்குச் சொந்தக்காரி. பள்ளிக்கூடத்தில் டல்சிக்குப் பக்கத்து இருக்கை. அடுப்பங்கரை மேசையில் இரண்டு கையையும் ஊன்றிக்கொண்டு, ஒன்றும் நடக்காத மாதிரி பேசினாள்.

"உன் கைப்பக்குவம் யாருக்குடீ வருது? மெல்பர்ன்லேர்ந்து அந்தப் புத்தகக்காரரே வர்றார். கடையில வாங்கிப் போட்டா ஊருக்குத்தானே அசிங்கம்."

"என் கருமாதிக்கு நானே பலகாரம் சுடணும்."

"நீ இப்படித்தான் பேசுவேன்னு தெரியும். அன்னிக்கு ஒரு நாள் உன் கல்யாணப் பேர்லயே இருந்துட்டுப் போயேன். உன்னை யாரு கேக்கப்போறா?"

டல்சியின் கையில் மாவு உருட்டும் கட்டை இருந்தது. கட்டைக்கும் வெர்னாவின் மண்டைக்கும் நடுவே இருந்தது பால்ய சிநேகம் ஒன்றுதான். அதுவும் சமீபத்தில் மிகவும் மெலிந்துபோயிருந்தது.

நடந்த கதை இதுதான். டிரெனான் ஊரில் செம்புச் சுரங்கம் மூடி வெகுகாலம் கழித்து, சிட்னியிலிருந்து டெஸ்மண்ட் ரூக் என்றொரு இயக்குநர் பேய்ப்படம் எடுக்க வந்தார். படத்தின் பேர் 'குழிக்காரன்'. செத்துப்போன சுரங்கத் தொழிலாளி ஒருவன் பூமிக்கடியிலிருந்து தட்டித் தட்டிப் பெண்களைக் கூப்பிடுவான். அவர்கள் போய்க் குழியில் விழுவார்கள். பேய்க்குக் கோணிச்சாக்கில் உடம்பு, சைக்கிள் விளக்கில் கண். அதைப் பார்த்துப் பயந்தது படக்குழுவின் நாய் மட்டும்தான்.

கடைசியாக விழவேண்டிய நடிகை, சுரங்கத்தின் பழைய இயந்திர வீட்டுக் கல்சுவரில் ஏறி நின்று பின்பக்கம் எட்டிப் பார்த்தாள். மறுநாள் காலைப் பேருந்தில் ஊருக்குப் போய்விட்டாள். படக்குழுவுக்குத் தேநீர் கொடுத்துக்கொண்டிருந்த டல்சி பென்ரோஸ், இருபது வயதுக்காரி, கோப்பைகளைக் கழுவிக்கொண்டே, நான் விழுகிறேன் என்றாள்.

ஏதோ ஆசையில் சொன்னாள், குருட்டு அதிர்ஷ்டத்தில் விழுந்தாள் என்று நினைக்கவேண்டாம். அப்பாவின் பார்லி வைக்கோற்போரின் மேலிருந்து மல்லாக்க விழுந்து விழுந்து பழகினாள். முதுகு முழுக்கக் கீறல். திரும்பிப் பார்க்கக்கூடாது, கண் கடைசிவரை எதிரே இருப்பவன் மேலேயே இருக்கவேண்டும், கை கடைசியில்தான் விரியவேண்டும். அலறலையும் அவளே யோசித்து வைத்தாள். சின்ன வயதில் அவள் சித்தப்பா காற்றாடிக் கோபுரத்திலிருந்து விழுந்ததைப் பார்த்திருக்கிறாள். விழுகிற மனுஷன் உடனே கத்துவதில்லை. வாய் திறக்கிறது, சத்தம் வருவதில்லை. பாதி தூரம் போனபின்தான் வருகிறது. சித்தப்பா வைக்கோலில் விழுந்து பிழைத்து, காலை நொண்டிக்கொண்டு எண்பது வயதுவரை எல்லாரையும் திட்டிக்கொண்டிருந்தார். அவருடைய அந்த ஒரு கணத்து மௌனத்தை டல்சி கடன் வாங்கிக்கொண்டாள்.

சுவருக்குப் பின்னால் ஆள் உயரத்துக்கும் சற்றுக் கீழே ஒரு கல்மேடை உண்டு. அதில் மெத்தை போட்டிருந்தார்கள். ஒரே தடவை விழுந்தாள். அந்த அலறலில் அடுத்த பண்ணையின் பசு ஒன்று பால் வற்றிப்போயிற்று என்று அவள் புருஷன் க்ளெம் இன்றைக்கும் சொல்வான். அது கன்றே போடாத பசு என்பதை மட்டும் சொல்லமாட்டான்.

படம் வெளிவரும்போது டல்சி ஊரில் இல்லை. க்ளெம் டிரெவாரோவைக் கட்டிக்கொண்டு, அவனுக்கு வேலை கிடைத்த மேற்குப் பக்கத்துத் தங்கச் சுரங்க ஊருக்குப் போய்விட்டாள். படம் ஓடவில்லை. ஓடாத படத்தை ஓட்ட என்ன வழி? அந்தப் பெண் உண்மையாகவே விழுந்து செத்துவிட்டாள் என்று ரூக் பத்திரிகைக்காரர்கள் காதில் போட்டார். ஊர் வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள்; இங்கே உலை வைத்ததே அவர்தான்.

பிறகு புத்தகங்கள் வந்தன. பேய்ப்படங்களுக்கும் சரித்திரம் எழுதுகிறவர்கள் உண்டு, விமர்சனம் எழுதுகிறவர்கள் உண்டு. முதலில் வந்த புத்தகம், ஒரு நடிகைக்குக் காயம் பட்டதாகச் சொல்வார்கள் என்றது. இரண்டாவது, முதலாவதைப் பார்த்து எழுதியது. இறந்ததாகச் சொல்வார்கள் என்றது. மூன்றாவதுக்கு யாரும் சொல்லத் தேவைப்படவில்லை, அதுவே சொன்னது. அதை எழுதியவர் லயனல் ஆஷ்பி, பல்கலைக்கழகத்தில் பாடம் நடத்துகிறவர். புத்தகம் 'வெயிலிலும் வரும் பேய்'. அதில் 'குழிக்காரனு'க்கு முழுசாக ஓர் அத்தியாயம். அந்த வரியை டல்சி தச்சன் பென்சிலால் தாள் கிழிய அடிக்கோடிட்டிருந்தாள்: "இந்த அலறலை எந்த நடிகையாலும் நடித்திருக்க முடியாது. அலறலுக்கு முன்னால் வருகிற அந்த மௌனம், சாவை நேருக்குநேர் கண்ட ஒரு பெண்ணின் மௌனம்."

செத்ததாக எழுதியதைக்கூட மன்னித்திருப்பாள். 'நடித்திருக்க முடியாது' என்பது நெஞ்சில் முள்ளாகத் தைத்தது. வாழ்நாளில் அவள் செய்த வேலைகளிலேயே ஒழுங்காக யோசித்து, உடம்பை வருத்திச் செய்தது அது ஒன்றுதான். அதைப்போய் விபத்து என்று எழுதிவிட்டான் பாவி.

க்ளெம் வேலையிலிருந்து ஓய்வுபெற்று இருவரும் ஊர் திரும்பியபோது, இயந்திர வீட்டுச் சுவரடியில் பிளாஸ்டிக் பூக்கள் கிடந்தன. கறுப்புச் சட்டை போட்ட பேய்ப்பட ரசிகப் பிள்ளைகள் வருஷாவருஷம் எங்கிருந்தெல்லாமோ வந்து, வெர்னாவின் பூங்காவில் தங்கி, மெழுகுவத்தி ஏற்றிவிட்டுப் போனார்கள். நான்தான் அது, நான் சாகவில்லை என்று டல்சி சொன்னபோது ஊர் நெளிந்தது. எங்களுக்குத் தெரியாதா, ஆனால் இப்போது எதற்கு அதைக் கிளறுகிறாய் என்றது. சுரங்கம் போனது, ரயில் போனது, இந்தப் பேய் ஒன்றுதான் மிச்சம்.

ஆஷ்பிக்கு எழுதினாள். பதில் மரியாதையாக வந்தது. அந்த நடிகை நானே என்று எழுதுகிற பெண்கள் பலர் உண்டு, உங்கள் கதை அவற்றில் மிகவும் சுவையானது, நன்றி, என்று. மூன்று நாள் வீட்டில் பாத்திரங்கள் சத்தமாகவே கழுவப்பட்டன.

இப்போது ஆஷ்பியின் புத்தகம் புதுப் பதிப்பு வரப்போகிறது. அதற்கு முன்னால் அவரே வந்து கல்லைத் திறக்கிறார். கல்லில் பொறித்தாகிவிட்டது: 'டல்சி பென்ரோஸ் விழுந்த இடம்'. இந்தப் பதிப்பிலும் அந்த வரி இருந்தால், தான் செத்தபிறகு மறுபடி ஒருமுறை செத்ததாகிவிடும் என்று டல்சிக்குப் பட்டது.

வெர்னா பதிலுக்காக நின்றுகொண்டிருந்தாள்.

"சுடறேன்," என்றாள் டல்சி. "கறியும் கிழங்கும் சங்கம் வாங்கிக் குடுக்கணும்."

அன்று மாலை க்ளெமிடம், கொட்டகையில் பழைய மெத்தை இரண்டும் கிடக்கிறதா என்று கேட்டாள். க்ளெம் பத்திரிகையைத் தாழ்த்தி அவளைப் பார்த்தான். கல்யாணமான நாளிலிருந்து அவன் அதிகம் கேட்பவன் இல்லை.

"முட்டி வலி?"

"அது என் முட்டி. நீ மெத்தையை வண்டியில ஏத்து."

அந்தப் பக்கத்தில் பேஸ்ட்டி சுடும்போது மடித்த மாவின் ஓரத்தில் தின்கிறவர் பேரின் முதலெழுத்துகளை மாவிலேயே ஒட்டுவார்கள். சுரங்கத்துக்குள் பாதியில் வைத்துவிட்டுப் போனாலும் யாருடையது என்று தெரியவேண்டுமல்லவா. விழாவன்று தட்டுகளின் மேல் மூடியிருந்த துணியை விலக்கிய வெர்னாவுக்கு முகம் வெளுத்தது. ஒன்று விடாமல் எல்லாவற்றிலும் டல்சியின் பிறந்தவீட்டுப் பேரின் எழுத்துகள்.

"கருமாதிச் சோறுன்னா செத்தவ பேர்லதானே இருக்கணும்," என்றாள் டல்சி.

வளைகுடாவிலிருந்து காற்று அடித்து ஒலிபெருக்கியைக் கொரகொரவென்று இரையவைத்தது. மன்றத்திலிருந்து கொண்டுவந்த நாற்காலிகளில் கறுப்புச் சட்டைகள் வெயிலில் வேர்த்துக்கொண்டிருந்தன. ஆஷ்பி ஒல்லியான, நல்ல குரல் உள்ள மனுஷன். தன் புத்தகத்திலிருந்து அந்தப் பக்கத்தையே வாசித்தார். வாசித்து முடித்துக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். உண்மையிலேயே கண் கலங்கியிருந்தது. அது டல்சியின் ஆத்திரத்தை இன்னும் கிளப்பிவிட்டது. பொய்க்கு அழுகிறவனிடம் கோபப்படுவது சுலபம். இவன் நிஜமாகவே அழுகிறான், அதுவும் உயிரோடிருக்கிறவள் எதிரில் நின்று.

தட்டை ஏந்திக்கொண்டு நேரே அவரிடம் போனாள்.

"அந்தப் பொண்ணு நான்தான். உங்களுக்கு எழுதினேனே."

ஆஷ்பி தணிந்த குரலில், யார் மனதும் நோகாதபடி பேசினார். "அம்மா, நீங்க பொய் சொல்றீங்கன்னு நான் சொல்லல. ஆனா அந்த அலறலை நான் இருபது வருஷமாக் கேட்டுட்டிருக்கேன். அது நடிப்பு இல்ல. அப்படி யாராலயும் நடிக்க முடியாது."

முன்வரிசையில் ஒருத்தி, இதுவும் நிகழ்ச்சியில் ஒரு பகுதி என்று நினைத்துக் கைதட்டினாள்.

"இதைக் கொஞ்சம் பிடிங்க," என்று டல்சி தட்டை அவர் கையில் கொடுத்தாள்.

சுவரை நோக்கி நடந்தாள். வெர்னா நினைவுக்கல்லை மூடியிருந்த துணியைச் சரிசெய்துகொண்டிருந்தவள், அவள் போவதைப் பார்த்துவிட்டு எழுந்தாள். டல்சி கல்லின் மேலேயே ஒரு காலை வைத்து ஏறினாள், அதற்காவது உதவட்டும். சுவர்மேல் நின்று திரும்பி ஆஷ்பியைப் பார்த்தாள். பார்த்த கண்ணை எடுக்கவில்லை.

பின்னால் சாய்ந்தாள்.

வாய் திறந்தது. சத்தம் இல்லை. அந்த ஒரு கணம் காற்றுகூட நின்றது என்று பிறகு சொன்னவர்கள் உண்டு. காற்று நிற்கவில்லை, அவர்கள் மூச்சுத்தான் நின்றது. இடுப்பு சுவரைத் தாண்டியது, கைகள் விரிந்தன, தலை மறைந்தது. அதன்பிறகே அலறல் வந்தது. குரல் கொஞ்சம் தடித்திருந்தது, அவ்வளவுதான்.

கறுப்புச் சட்டைப் பையன் ஒருவன் நாற்காலியோடு சரிந்தான். வெர்னா ஊருக்கே கேட்கும்படி, "டல்சி, அடியே டல்சி பென்ரோஸ்," என்று கத்திக்கொண்டு சுவருக்கு ஓடினாள். இவளுக்கு இல்லையென்று இத்தனை வருஷமாக மூடிவைத்த பேர் அத்தனை பேர் எதிரிலும் அவள் வாயிலிருந்தே வந்து விழுந்தது.

சுவருக்கு அந்தப் பக்கம் மெத்தைமேல் டல்சி உட்கார்ந்திருந்தாள். க்ளெம் கை கொடுத்து எழுப்பிக்கொண்டிருந்தான். முட்டி நன்றாகவே வலித்தது. அதை யாருக்கும் காட்டுவதாக இல்லை. எட்டிப் பார்த்த தலைகளில் ஆஷ்பியின் தலையும் இருந்தது. தட்டை இன்னும் விடாமல் பிடித்திருந்தார்.

"இதுக்குப் பேருதான் நடிப்பு," என்றாள் டல்சி. "எழுதிக்கோ."

அவர் சுவர்மேல் இன்னும் எட்டிக் குனிந்தார். அந்த அத்தியாயத்தையே மாற்றவேண்டும் என்றார். மாற்று என்றாள். அதைச் சொன்ன கையோடு அவர் ஒரு பேஸ்ட்டியையும் எடுத்துக் கடித்தார், அதிர்ச்சியில் பசித்திருக்கும்.

வெர்னா ஒரு வாரம் பேசவில்லை. பேசியபோது, இதையே வருஷாவருஷம் செய்துகாட்டினால் பூங்கா நிரம்பிவிடும் என்று யோசனை சொன்னாள். அதற்கு டல்சி சொன்ன பதிலை அச்சில் போட முடியாது.

குளிர்காலத்தில் புதுப் பதிப்பு தபாலில் வந்தது. முதல் பக்கத்தில் ஆஷ்பி கைப்பட நன்றி எழுதியிருந்தார். டல்சி மாவுத் தகர டப்பாவின் மேல் புத்தகத்தைச் சாய்த்து வைத்துக்கொண்டு நின்றபடியே அத்தியாயத்தைப் படித்தாள். டல்சி பென்ரோஸ் உயிரோடிருக்கிறார் என்று தெளிவாக இருந்தது. அலறல் நடிப்புத்தான் என்றும் இருந்தது. அதற்கு அடுத்த வரி: "அனுபவமே இல்லாத ஓர் ஊர்ப்பெண்ணிடமிருந்து இப்படியொரு அலறலை, அதற்கு முந்தைய அந்த அற்புதமான மௌனத்தோடு, வெளியே கொண்டுவந்தது டெஸ்மண்ட் ரூக்கின் மேதைமை."

முகத்தில் எள்ளும் கொள்ளும் வெடித்தது. பார்லிப் போரில் முதுகு கிழிந்தபோது ரூக் எங்கே இருந்தார்? மதுக்கடையில். சித்தப்பா விழுந்ததை யார் பார்த்தது? ரூக்கா பார்த்தார்? க்ளெம் அவள் கழுத்து சிவப்பதைப் பார்த்துவிட்டு, நாயைக் கூட்டிக்கொண்டு வெளியே போனான்.

தச்சன் பென்சிலைத் தேடியெடுத்துக் கோடு போட்டாள். தொலைபேசியை எடுத்தாள். மெல்பர்னில் ஆஷ்பியே எடுத்தார். புத்தகம் வந்ததா, திருப்திதானே என்று உற்சாகமாகக் கேட்டார்.

"உயிரோட இருக்கேன்னு எழுதிட்டே. சரி. நடிச்சது யாரு, லயனல்?"

மறுமுனையில் சத்தம் இல்லை. டல்சி காத்திருந்தாள்.

"இந்த மௌனத்தை உனக்குச் சொல்லிக்குடுத்தது யாரு? ரூக்கா?" என்றாள். "பென்சிலை எடு. அடுத்த பதிப்புக்கு நான் சொல்றேன், நீ எழுது."