கோஸ்டாஸ் எடுத்த ஒரு காட்சி

கோஸ்டாஸ் இறந்துவிட்டார் என்று மெல்பேர்னிலிருந்து அவருடைய மகள் அழைத்துச் சொன்னபோது, பென்டில் ஹில்லில் ஒரு தமிழ்க் கடையில் மரவள்ளிக்கிழங்கு தெரிந்தெடுத்துக்கொண்டிருந்தேன். ஒருகாலத்தில் அவர் படம்பிடித்த தவத்துக்கு உடனே அழைத்துச் சொன்னேன். “உண்மையாவோ அக்கா? ஆர் சொன்னது?” என்று கேட்டான் அவன். அந்த மனிதரைப் பற்றிய எதையும் நாங்கள் ஒருபோதும் உடனே நம்பியதில்லை.

இந்த அஞ்சலியை வாசிக்கும் உங்களில், அவரோடு வேலைசெய்த பலருக்கு அவர் ஒளிப்பதிவாளர். கிரேக்கத்திலிருந்து இளைஞனாக வந்து, கல்யாண வீடுகள், விளம்பரங்கள், பிறருடைய திரைப்படங்கள் என்று காலமெல்லாம் கமரா பிடித்தவர். தலை நரைத்த பிறகுதான் இயக்குநரானார். ஏன் என்று கேட்டேன். “எங்கே பார்க்க வேண்டும் என்று இவ்வளவு நாளும் மற்றவர்கள் சொன்னார்கள். அவர்கள் வெட்டி எறிந்த முகங்கள்தான் எனக்கு ஞாபகமிருக்கின்றன” என்றார்.

படகில் அகதிகளாக வந்த எங்கள் ஆட்களைப் பற்றியது அவருடைய முதல் படம். நான் மொழிபெயர்ப்பாளர். ஒரு கிரேக்கருக்கு எங்கள் கதை எதற்கு, குடிவரவுத் திணைக்களக்காரர் அனுப்பிய ஆளோ என்று வீட்டுக்கு வீடு கேட்டார்கள். எனக்கும் அந்தச் சந்தேகம் இருந்தது. கமராவை நிறுத்திவிட்டதாக அவர் சொன்னால், சிவப்பு விளக்கு அணைந்திருக்கிறதா என்று எட்டிப் பார்ப்பேன். அதைக் கவனித்த அவர், பிறகு தானாகவே கமராவை என் பக்கம் திருப்பிக் காட்டத் தொடங்கினார். “நானாக இருந்தாலும் பார்ப்பேன்” என்றார். அவர் கோபிக்காததும் எனக்குச் சந்தேகமாகவே இருந்தது.

தற்காலிக விசாவில் இறைச்சித் தொழிற்சாலையில் வேலைசெய்த தவம் மட்டும் முகம் காட்டச் சம்மதித்தான். குசினியில் அடுப்புக்குப் பக்கத்து ஜன்னலோரம் உட்கார்ந்து, வரும் வழியில் கடலில் மூழ்கிப்போன தம்பியைப் பற்றிச் சொன்னான். அதுவரை ஒருவரிடமும் சொல்லாதது. இந்த ஒரு காட்சிக்காகத்தான் இயக்குநரானேன் போலிருக்கிறது என்றார் கோஸ்டாஸ்.

சில வாரங்களில் தவத்துக்குப் பயம் வந்துவிட்டது. படத்தை அங்கத்தைய அரசாங்க ஆட்கள் யாராவது பார்த்தால் ஊரிலிருக்கும் அம்மாவுக்குக் கரைச்சல் என்றான். அந்த முகம் இல்லாவிட்டால் படம் வேண்டாம் என்று தொலைக்காட்சிக்காரர் சொல்லியிருந்தார்கள். கோஸ்டாஸ் விட்டுக்கொடுக்க மாட்டார் என்றுதான் நினைத்தேன். ஆனால் அவர் காரோட்டி வந்து, அந்தக் காட்சி முழுவதையும் அழித்துவிட்டதாகச் சொன்னார்.

“இந்தாள் வேறை எங்கையாவது ஒரு கொப்பி வைச்சிருக்கும். கேளுங்கோ அக்கா” என்றான் தவம். அப்படியே மொழிபெயர்த்தேன்.

“இல்லை” என்றார். வேறு விளக்கம் சொல்லவில்லை. நாங்கள் நம்பவில்லை. அப்படியொரு காட்சியை எந்த இயக்குநர் அழிப்பான்?

தொலைக்காட்சி கைவிட்டது. சிறிய மண்டபங்களில் ஓரிரு தடவை ஓடியதோடு படம் முடிந்தது. கோஸ்டாஸ் மறுபடியும் பிறருடைய படங்களுக்குக் கமரா பிடிக்கப் போனார்.

போன வருடம் தவத்துக்கு நிரந்தர விசா கிடைத்தது. அம்மா அதற்கு முன்பே காலமாகிவிட்டார். தம்பியைப் பற்றித் தான் பேசியதைத் தன் மகள் வளர்ந்ததும் அவளுக்குக் காட்ட வேண்டும், இனி அப்படிப் பேச வராது என்றான். இருவரும் மெல்பேர்ன் போனோம். பிரதி இருக்கும் என்பதில் எங்களுக்குச் சந்தேகமே இல்லை.

கோஸ்டாஸ் நோயில் மெலிந்து கதிரையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். “ஒரு கொப்பியாவது வைச்சிருப்பியள்தானே?” என்று தவம் கேட்டான்.

அவர் எங்கள் இருவரையும் மாறிமாறிப் பார்த்தார். “இல்லை என்று அன்றைக்கே சொன்னேனே.”

தவம் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதான். கோஸ்டாஸ் அவன் முழங்காலில் கைவைத்து, அந்தக் காட்சியைச் சொல்லத் தொடங்கினார். ஜன்னல் வெளிச்சம் எந்தக் கன்னத்தில் விழுந்தது, எந்த இடத்தில் நிறுத்தி மூச்செடுத்தான், தம்பியின் பெயரை எப்படிச் சொன்னான். முன்பு நான் அவருக்கு ஆங்கிலத்தில் சொன்ன தவத்தின் வார்த்தைகளை, இப்போது தவத்துக்கே தமிழில் திருப்பிச் சொன்னேன். அவன் இடையில் ஒன்றும் திருத்தவில்லை.

அன்று கோஸ்டாஸ் சொன்னது முழுவதும் எனக்கு ஞாபகமிருக்கிறது. அவரிடமிருந்து நான் வைத்திருப்பது அதுதான். தவத்தின் மகள் கேட்கும் வயதில் சொல்லுவேன். அவள் நம்புவாளோ தெரியாது.