சுவரோரச் சாதகம்

கிட்வாய் நகர் குவார்ட்டர்ஸில் ஒரு வீட்டுச் சமையலறைக்கும் அடுத்த வீட்டுச் சமையலறைக்கும் நடுவே ஒற்றைச் செங்கல் சுவர்தான். அந்தச் சுவரோரம் உட்கார்ந்துதான் சுந்தரவல்லி காலையில் சாதகம் செய்வாள். ஆபீஸுக்கு பஸ் பிடிக்கும் வரை ஒரே கிருதி, கல்யாணி ராகம். அதிலும் மேலேயிருந்து வழுக்கி இறங்கும் ஒரே ஒரு சங்கதி. அது வசப்பட ஒரு குளிர்காலமும் தொண்ணூற்றாறாம் வருஷத்துக் கோடையும் பிடித்தன.

வசப்பட்ட வாரத்தில் பக்கத்து வீட்டுக்குக் கறிவேப்பிலை கேட்கப் போனாள். உஷாராணி சப்பாத்தி தேய்த்துக்கொண்டே அதே சங்கதியைப் பாடிக்கொண்டிருந்தாள். பிசிறே இல்லை.

"யாருகிட்ட கத்துண்டே?"

"டெய்லி நீங்க பாடறீங்களேக்கா, காதுல விழுது. குக்கர் விசில் மாதிரி பழகிப்போச்சு."

கறிவேப்பிலை வாங்காமலே திரும்பினாள்.

நவராத்திரியில் இந்திராணி மாமி வீட்டுக் கொலுவில் யார் நன்றாகப் பாடுகிறாளோ, அவளுக்குத்தான் விஜயதசமியன்று கோயில் மேடையில் பாடும் வாய்ப்பு. அதற்காகத்தான் சுந்தரவல்லி இத்தனை நாள் தொண்டையைத் தேய்த்தது. இந்த வருஷம் உஷாராணியும் பாடுவதாகப் பேச்சு.

மறுநாளிலிருந்து அந்தச் சங்கதியில் மத்யம ஸ்வரத்தை வேண்டுமென்றே இறக்கிப் பாடினாள். அது இறங்கினால் கல்யாணி கல்யாணியாக இருக்காது. சுவரை ஒட்டி உட்கார்ந்து, குரலை உயர்த்தி, திரும்பத் திரும்ப. கேளுடி, நன்றாகக் கேள். சரியானது தன் தொண்டையில் பத்திரமாக இருக்கிறது, எங்கே போய்விடும் என்று நினைத்தாள்.

"எங்கேயோ உதைக்கறதே, வல்லி" என்றார் கணவர் ராமசுப்ரமணியன், பல் தேய்த்தபடி.

"உங்களுக்குத் தெரியுமாக்கும். பாலை வாங்கிண்டு வாங்கோ, ஜல்தி."

கொலுவில் உஷாராணி முதலில் பாடினாள். மத்யமம் அதன் இடத்தில் அசையாமல் நின்றது. மாமிகள் தலையாட்டினார்கள்.

அடுத்து சுந்தரவல்லி. கனமான குரல், எல்லோரும் நிமிர்ந்தார்கள். மேலே போய் இறங்கினாள். மத்யமம் இறங்கிவிட்டது. சிரித்துச் சமாளித்து மறுபடி எடுத்தாள். மறுபடியும் அதே இடத்தில், வெகு நாள் பழகிய லாகவத்தோடு, தப்பியது.

உஷாராணி மெல்ல அவள் பக்கம் குனிந்தாள். "ரெண்டு மாசமாவே அந்த இடம் சரியா விழலைக்கா. தொண்டை கட்டியிருக்கோன்னு கேக்கக் கூச்சமா இருந்துச்சு. இப்படித்தானே பாடுவீங்க?" என்று தணிந்த குரலில் எடுத்துக்கொடுத்தாள்.

அவள் வாயைப் பார்த்துப் பார்த்துத்தான் சுந்தரவல்லி பாட்டை முடித்தாள். சுண்டல் வாங்கிக்கொண்டு செருப்பைத் தேடும்போது, உள்ளே இந்திராணி மாமி உஷாராணியிடம், விஜயதசமிக்கு என்ன புடவை கட்டிக்கொள்ளப் போகிறாய் என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.