இருமு கண்ணு

என் மூத்த மகள் உப்பைத் திருடித் தின்பாள். இரண்டரை வயதிலேயே அந்தப் பழக்கம் வந்துவிட்டது. சமையல் மேடைக்குக் கீழே இருந்த உப்பு ஜாடிக்குள் கையை விட்டு, ஈர விரல்களில் ஒட்டியதை நக்கிக்கொண்டு நிற்பாள். சாப்பிட உட்கார்ந்தால் பருப்பு வேண்டாம், நெய் வேண்டாம், உப்பு மட்டும் போடு என்பாள். உப்பைத் தின்றால் ரத்தம் செத்துப்போகும் என்று எங்கள் பக்கம் ஒரு பயம் உண்டு. ஒருநாள் அவள் கையில் அடித்தேன். அப்புறம் ஜாடியைத் தூக்கி அவளுக்கு எட்டாத மேல்தட்டில் வைத்துவிட்டேன்.

அப்போது நாங்கள் அரியலூரில் இருந்தோம். என் கணவருக்கு சிமென்ட் ஆலையில் எலக்ட்ரீஷியன் வேலை. சுண்ணாம்புக்கல் லாரிகள் போகும் சாலையை ஒட்டி வாடகை வீடு. கோலம் போட்டுவிட்டு உள்ளே வந்து கை கழுவுவதற்குள் கோலத்தின் மேல் தூசி படிந்துவிடும். அதனால் மூத்தவள் கைக்குழந்தையாக இருந்ததிலிருந்தே இருமியது யாருக்கும் அதிசயமாகத் தெரியவில்லை. தூசி என்றார்கள். ஒரு டாக்டர் வீசிங் என்றார். இன்னொருவர் பிரைமரி காம்ப்ளெக்ஸ், குழந்தைகளுக்கு வரும் டி.பி., என்று ஆறு மாதம் மருந்து கொடுத்தார். அள்ளி அள்ளிச் சாப்பிடுவாள், ஆனால் உடம்பில் ஒட்டாது. வயிற்றால் போனால் எண்ணெய் மிதக்கும். பூச்சி என்று நினைத்து அதற்கும் மருந்து வாங்கிக் கொடுத்தோம்.

வெயில் காலத்தில் அவள் நெற்றியிலும் காதோரத்திலும் வேர்வை காய்ந்து வெள்ளையாகப் பூத்திருக்கும். முத்தம் கொடுத்தால் உதட்டில் கரிக்கும். "என் கருவாட்டுக் குட்டி" என்று சொல்லிக் கொஞ்சுவேன். அவரும் சிரிப்பார்.

வெளியே போகும்போதுதான் சங்கடம். பஸ்ஸில் அவள் இருமத் தொடங்கினால் முன் சீட்டில் இருப்பவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள், சிலர் எழுந்து வேறு இடத்துக்குப் போவார்கள். "இருமாத கண்ணு, அடக்கிக்க கண்ணு" என்று அவள் முகத்தை என் தோளில் அழுத்திக்கொள்வேன். அவளும் பழகிக்கொண்டாள். கண்ணில் நீர் கட்டி, கழுத்து நரம்பு புடைக்க, என் தோளுக்குள்ளேயே அடக்கிக்கொள்வாள்.

மூன்று வயதும் நாலு மாதமும் இருந்தாள். அந்த வருஷம் கத்திரி வெயிலில் இரண்டு நாள் வாந்தி. மூன்றாம் நாள் காலையில் துணி மாதிரி துவண்டு கிடந்தாள். ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். அன்று சாயங்காலமே போய்விட்டாள். வெயிலை உடம்பு தாங்கவில்லை, நெஞ்சிலும் சளி என்றார்கள். காரியமெல்லாம் முடிந்து நான் மறுபடி சமைக்கப் போனபோது உப்பு ஜாடி மேல்தட்டிலேயே இருந்தது. அதை எடுத்துக் கீழே வைத்தேன். எதற்கு வைத்தேன் என்று எனக்கே தெரியவில்லை.

தூசிதான் பிள்ளையைக் கொண்டுபோய்விட்டது என்று நாங்கள் இருவரும் நம்பினோம். ஊரை விட்டுப் பெரம்பலூருக்கு வந்து, பஸ் நிலையத்திலிருந்து தள்ளி, மக்காச்சோளக் காட்டுக்குப் பக்கத்தில் ஒரு வீடு பார்த்தோம். அவர் தினமும் அரியலூருக்கு பைக்கில் போய் வந்தார். இரண்டு வருஷம் கழித்துச் சின்னவள் பிறந்தாள்.

உடையார்பாளையத்தில் முந்திரித் தோப்பு வைத்திருக்கும் என் நாத்தனார், என் கணவருடைய அக்கா, குழந்தையைப் பார்க்க வந்தாள். மடியில் வாங்கியதுமே அழ ஆரம்பித்துவிட்டாள்.

"அதே காது, அதே நெத்தி. அவளேதான்டி வந்துருக்கா. எங்கயும் போவல பாரு."

பிறந்து இருபது நாள் இருக்கும். மத்தியானம் தூங்கி எழுந்தவளைத் தூக்கி நெற்றியில் முத்தமிட்டேன். கரித்தது.

அப்போது எனக்குப் பயம் வரவில்லை என்பதை இங்கே எழுதியாக வேண்டும். சந்தோஷம் வந்தது. நாத்தனார் சொன்னது உண்மைதான், அடையாளத்தோடு வந்திருக்கிறாள் என்று நினைத்தேன். "வந்துட்டியா" என்று அவள் காதில் கேட்டேன். அன்றிலிருந்து தினமும் யாரும் பார்க்காதபோது நெற்றியில் உதட்டை வைத்துப் பார்ப்பேன். கரித்தால் நிம்மதி. குளிப்பாட்டிய பிறகு கொஞ்ச நேரம் கரிப்பு இருக்காது. அந்த நேரம் மனசு கிடந்து தவிக்கும்.

மூன்றாம் மாதம் இருமல் வந்தது. எடையும் ஏறவில்லை. டாக்டரிடம் இருமலைச் சொன்னேன், எடையைச் சொன்னேன். உப்பைச் சொல்லவில்லை. அது எனக்கும் அவளுக்கும் நடுவில் உள்ள விஷயம் என்று வைத்துக்கொண்டேன்.

ஏழாம் மாதம் நிமோனியா என்று திருச்சிக்கு ஓடினோம். அங்கே ஒரு இளம் பெண் டாக்டர் மூத்தவளைப் பற்றி முழுதும் கேட்டுக்கொண்டார். பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"பாப்பாவுக்கு முத்தம் குடுக்கும்போது உப்பு கரிக்குதாம்மா?"

இல்லை என்று சொல்லத்தான் வாய் எடுத்தேன். ஆமாம் என்று சொன்னால் அவள் போய்விடுவாள் என்று ஒரு எண்ணம். ஆனால் தலை தானாக ஆடிவிட்டது.

"மூத்த பாப்பாவுக்கும் கரிச்சுதா?"

அதற்கும் ஆட்டினேன். என் கணவர் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"சொந்தத்துலயா கட்டியிருக்கீங்க?"

"அத்தை பையன்ங்க."

சென்னைக்கு அனுப்பினார்கள். அங்கே குழந்தையின் கையில் லேசாக மின்சாரம் வைத்து வேர்க்கவிட்டு, அந்த வேர்வையில் எவ்வளவு உப்பு இருக்கிறது என்று பார்த்தார்கள். நோய்க்கு சிஸ்டிக் ஃபைப்ரோசிஸ் என்று பெயர் சொன்னார்கள். உடம்பு உப்பை வேர்வையில் விட்டுவிடும், நெஞ்சில் சளி பசை மாதிரி இறுகிக்கொள்ளும், சாப்பாடு செரிக்க வேண்டிய நீரும் சரியாக இறங்காது என்று பெரிய டாக்டர் பொறுமையாக விளக்கினார்.

"அப்ப தூசி இல்லீங்களா சார்?" என்று கேட்டார் என் கணவர்.

"தூசி இல்லப்பா. பொறக்கும்போதே வந்தது. உங்க ரெண்டு பேருகிட்டருந்தும் ஒவ்வொரு பங்கு."

பிறகு என் பக்கம் திரும்பினார். "வெயில் காலத்துல இந்தப் புள்ளைங்களுக்கு உப்பு கூடுதலாவே குடுக்கணும்மா. அதுங்களே தேடும். கேட்டா தடுக்கக் கூடாது."

அதற்குப் பிறகு அவர் சொன்ன எதுவும் என் காதில் ஏறவில்லை. என் கை அரியலூர் வீட்டில், மேல்தட்டுக்கு எட்டி நின்றது.

சின்னவளுக்கு ஒன்றரை வயதானபோதுதான் உப்பு நீரை மூச்சில் கொடுக்க ஆரம்பித்தார்கள். முதல் தடவை வார்டில் வைத்தே கொடுத்தார்கள். முதலில் மூச்சுக்குழல் விரிய ஒரு மருந்து. கால் மணி நேரம் கழித்து, சின்ன பிளாஸ்டிக் பாட்டிலைத் திருகித் திறந்து, தண்ணீர் போலத் தெளிந்த உப்பு நீரை மிஷினின் கிண்ணத்தில் ஊற்றினார் பிசியோதெரபி செய்யும் பெண். சுவிட்சைப் போட்டதும் மாஸ்க்குக்குள் வெள்ளையாகப் புகை நிறைந்தது.

"இது உள்ள போயி தண்ணிய இழுத்துக்கிட்டு வரும். சளி எளகும். எளகுனா இருமல் வரும், பயப்படாதீங்க. இருமத்தான் வேணும்."

"உப்புத் தண்ணிதானங்க, வீட்டுல நாங்களே கரைச்சுக்கலாமா?" என்று கேட்டேன்.

"கூடவே கூடாதும்மா. கிருமி உள்ள போயிரும். இந்த பாட்டில்ல வர்றது மட்டுந்தான்."

நாலைந்து நிமிஷத்தில் சின்னவளுக்கு இருமல் வந்தது. அடி வயிற்றிலிருந்து பெயர்த்துக்கொண்டு வந்த இருமல். என் கை என்னைக் கேட்காமலே அவள் பின்னந்தலைக்குப் போய், முகத்தை என் தோளில் அழுத்தியது. அந்தப் பெண் என் கையைப் பிடித்து எடுத்துவிட்டார்.

"விடுங்கம்மா. இருமட்டும்."

அன்று அந்தக் கையை மடியில் வைத்துக்கொண்டு, இன்னொரு கையால் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

பெரம்பலூர் வீட்டில் காலை ஆறரைக்கு ஒரு தடவை, பள்ளிக்கூடங்கள் விடும் நேரத்தில் ஒரு தடவை மிஷின் ஓடும். கரண்ட் போனாலும் நிற்காமல் இருக்க அவர் ஒரு பேட்டரியோடு இணைத்துக் கொடுத்தார். பாகங்களைக் கழுவிக் கொதிநீரில் போட்டு எடுக்க அடுப்பில் ஒரு தனிப் பாத்திரம் வைத்தேன். மிஷின் சத்தம் ஆரம்பித்தாலோ அவர் வீட்டில் இருக்க மாட்டார். பைக்கை எடுத்துக்கொண்டு பால் வாங்க, பேப்பர் வாங்க என்று போய்விடுவார். எனக்குக் கோபம் வரும். முதுகைத் தட்டுவது, மாஸ்க்கைப் பிடிப்பது, கதை சொல்வது எல்லாம் நான் ஒருத்தியே செய்தேன்.

அவர் ஏன் போகிறார் என்று எனக்கு உள்ளூரத் தெரியும். புகைக்குள்ளிருந்து வந்த இருமல் சின்னவளுடையது இல்லை. என் தோளுக்குள் அடக்கி அடக்கி வைத்தவளுடைய இருமல் அது. கிழிந்து, கடைசியில் ஒரு சின்ன விசிலோடு முடியும். மாஸ்க் மேல் கண் மட்டும் தெரியும்போது அந்தக் கண்ணும் மூத்தவளுடையதுதான். "இருமு கண்ணு, நல்லா இருமு" என்று நான் சொல்வதை அவளும் எங்கோ நின்று கேட்டுக்கொண்டிருப்பாள் என்று தோன்றும். என்னை அடக்கச் சொன்னாயே என்று கேட்பாள். சில நாள் கூடத்திலிருந்து இன்னொரு இருமல் கேட்கும். எழுந்து போய்ப் பார்ப்பேன். மின்விசிறி சுற்றிக்கொண்டிருக்கும்.

சின்னவளுக்கு மூன்று வயதும் நாலு மாதமும் ஆன நாள் எனக்குத் தெரியும். விரல் விட்டு எண்ணிக்கொண்டே வந்திருந்தேன். யாரிடமும் சொல்லவில்லை. அன்று காலை மிஷினை எடுத்து வைத்தபோது அவர் பைக் சாவியை ஆணியில் மாட்டிவிட்டு உள்ளே வந்தார்.

"குடு, நான் வெக்கிறேன்."

அவளை மடியில் உட்காரவைத்து மாஸ்க்கைப் பிடித்துக்கொண்டார். நான் சுவிட்சைப் போட்டேன். கையைக் குழித்து முதுகில் தட்டினார், நான் தட்டுவதை எங்கிருந்தோ பார்த்துக் கற்றுக்கொண்டவர் போல. இருமல் வந்தது. அவர் எழுந்திருக்கவில்லை.

"இருமு கண்ணு," என்றார். பிறகு என்னைப் பார்க்காமலே சொன்னார்: "எனக்கும் தெரியும்."

"என்ன மாமா?"

"இவ கரிக்கிறது. பொறந்த மாசமே தெரியும். ஷிப்டு முடிஞ்சு வந்து முத்தம் குடுத்தேன், கரிச்சுது. அக்கா சொல்லுச்சுல்ல, அவளே வந்துட்டான்னு. நானும் அப்படித்தான் நெனச்சுக்கிட்டேன். வெளிய சொன்னா போயிருவாளோன்னு வாயத் தொறக்கல."

"நானும்தான்," என்றேன்.

"அந்த டாக்டரம்மா கேட்டப்பவே எனக்குத் தெரிஞ்சு போச்சு, ஒனக்கும் தெரியும்னு."

ஏழு மாதம் ஒரே வீட்டில், ஒருவருக்குத் தெரியாமல் ஒருவர் அந்தக் குழந்தையின் நெற்றியில் உதடு வைத்துப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறோம். இரண்டு பேரும் அழவில்லை. அவர் தட்டுவதை நிறுத்தியிருந்தார். சின்னவள் மாஸ்க்கை இழுத்துவிட்டாள்.

"பொக தீந்துருச்சுப்பா. மிஷின நிறுத்து."

அதன் பிறகு காலை மிஷின் அவருடையது, சாயங்காலம் என்னுடையது என்று ஆனது.

நாத்தனார் மட்டும் மாறவில்லை. எப்போது வந்தாலும் சின்னவள் முகத்தை வழித்து, மூத்தவளைக் கூப்பிட்ட செல்லப்பெயரால் கூப்பிடுவாள். சின்னவளுக்கு எட்டு வயதான வருஷம் பொங்கலுக்கு வந்தபோதும் அப்படித்தான் கூப்பிட்டாள். சின்னவள் மாஸ்க்கைக் கழற்றி, பக்கத்தில் இருந்த கிண்ணத்தில் துப்பிவிட்டு, வாயைத் துடைத்துக்கொண்டாள்.

"அத்தை, நான் அவ இல்ல."

"என்னாடி சொல்ற?"

"அக்கா செத்துப் போச்சு. நான் வேற ஆளு. அக்காவுக்கு மூணு வயசு, எனக்கு எட்டு. நான்தான் பெருசு."

நாத்தனார் என்னைப் பார்த்தாள். கிண்ணத்தைக் கழுவும் சாக்கில் சமையலறைக்கு வந்துவிட்டேன். குழாயைத் திறந்துவிட்டு அழுதேன். அத்தனை வருஷம் மூத்தவளுக்காக நான் சரியாக அழவே இல்லை என்று அப்போதுதான் தெரிந்தது. வீட்டுக்குள்ளேயே இருக்கிறவளுக்கு எப்படி அழுவது?

இப்போது சின்னவளுக்குப் பத்து வயது. முன்பைவிடக் கூடுதல் வலுவுள்ள உப்பு நீர் கொடுக்கிறார்கள். தொண்டை அறுக்கிறது என்று திட்டிக்கொண்டே தானே ஊற்றி, தானே சுவிட்சைப் போட்டு, வீட்டுப்பாடத்தைப் படித்தபடி மூச்சில் இழுக்கிறாள். துப்பியதன் நிறத்தைப் பார்த்து "இன்னைக்குப் பச்சை இல்லம்மா" என்று தகவல் சொல்கிறாள். சாப்பாட்டுக்கு முன் மாத்திரை, வெயிலில் உப்புத் தண்ணீர் பாட்டில். இரண்டு முறை ஆஸ்பத்திரியில் படுத்து எழுந்துவிட்டாள். நெஞ்சின் வலுவை ஊதிப் பார்க்கும் டெஸ்ட்டில் போன முறை கொஞ்சம் குறைந்திருந்தது. வெளிநாட்டில் புது மாத்திரை இருக்கிறது என்றும், அது நம் கைக்கு எப்போது வரும் என்று சொல்ல முடியாது என்றும் டாக்டர் சொன்னார். அதுவரை இதை விடாதீர்கள் என்றார்.

இந்த மாதம் பள்ளியில் தரங்கம்பாடிக்கு இரண்டு நாள் சுற்றுலா. எங்களைக் கேட்காமலே பெயர் கொடுத்துவிட்டு வந்தாள்.

"நான் கூட வரட்டுமா?" என்று கேட்டேன்.

"நீ வராத. மிஷின எப்படிப் போடுறதுன்னு டீச்சருக்கு நானே சொல்லிக் குடுத்துட்டேன்."

அவர் பேட்டரியை எடுத்துக்கொண்டுபோய், அதை அவள் பள்ளிப் பையில் அடங்குகிற மாதிரி மாற்ற ஆரம்பித்துவிட்டார். அந்த இரண்டு நாளும் இந்த வீட்டில் மிஷின் ஓடாது. காலை ஆறரைக்கு என்ன கேட்கும் என்று எனக்குத் தெரியவில்லை. மிஷினுக்கு இரண்டு நாளுக்கு நான்கு பாட்டில் போதும். நான் ஆறு எடுத்து வைத்திருக்கிறேன்.