பிரித்தானியாவுக்குப் பால் காய்ச்சிய காலம்

போன கிழமை பால் பொங்கி அடுப்பில் வழிந்துவிட்டது. இத்தாலியில், பலெர்மோவுக்குப் பக்கத்துப் பகேரியாவில் நான் சமைத்துக் கொடுக்கும் வீட்டில்தான். ரயிலைத் தவறவிட்டுப் பிந்திப் போன அவசரம். பாலை வைத்துவிட்டு யன்னலைத் திறக்கத் திரும்பினேன், அவ்வளவுதான். வீட்டுக்காரி மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடி வந்தார். எனக்கோ கோபமும் வரவில்லை, வெட்கமும் வரவில்லை. கையில் துணியோடு நின்று சிரித்துக்கொண்டிருந்தேன். பால் கருகிய வாசம் வந்தால் எனக்குப் பிரித்தானியப் பாராளுமன்றம் ஞாபகத்துக்கு வரும். இவனுக்கு ஏதோ கழன்றுவிட்டது என்று நினைக்காமல் கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள்.

போர் முடிந்து பலெர்மோவுக்கு வந்து சேர்ந்த முதல் வருடங்களில் கால்சா என்ற பழைய பகுதியில் ஒரு விடுதியில் வேலை செய்தேன். விடுதி என்றதும் பெரிதாக நினைத்துவிடாதீர்கள். பழைய மாளிகை ஒன்றின் இரண்டாம் மாடி, சில அறைகள், எல்லாரும் சேர்ந்து சாப்பிட ஒரு நீட்டு மேசை. கணவர் போன பிறகு வீட்டை அறை அறையாக வாடகைக்கு விட்ட சிஞ்ஞோரா றொசெட்டாதான் முதலாளி. சிஞ்ஞோரா என்றால் இத்தாலியில் அம்மணி. அவருக்கு ஆங்கிலம் காலை வணக்கத்தோடு முடிந்துவிடும். நான் வன்னியில் ஒரு வெளிநாட்டுத் தொண்டு நிறுவனத்துக்கு வாகனம் ஓட்டியவன் என்பதால் எனக்குக் கொஞ்சம் ஓடும். வந்து தங்குபவர்களில் பாதிப்பேர் பிரித்தானியர். அவர்கள் என் தேநீருக்காகவே வருகிறார்கள் என்று நான் சொல்லுவேன். சிஞ்ஞோரா ஒத்துக்கொள்ள மாட்டார். இந்த ஊரில் தேநீர் கேட்டால் வெந்நீரும் ஒரு துண்டு எலுமிச்சையும் வரும். நான் சாயத்தைக் கடுமையாக இறக்கி, பாலைத் தளதளவென்று காய்ச்சி விட்டுக் கொடுப்பேன். முதல் நாள் அவர்கள் கோப்பையை ஒரு மாதிரிப் பார்ப்பார்கள். இரண்டாம் நாள் குடித்து முடித்துவிட்டு என்னைப் பார்ப்பார்கள்.

தேநீர் என்றதும் வானொலி ஞாபகம் வருகிறது. வன்னியில் மின்சாரமும் இல்லை, பற்றரியும் இல்லை என்றிருந்த காலத்தில் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, ஒருவர் பெடலைக் கையால் சுற்ற, டைனமோவில் வானொலி பாடும். மற்றவர்கள் வெறுந்தேநீரோடு சுற்றிவரக் குந்தியிருந்து லண்டன் தமிழ்ச் செய்தி கேட்போம். சுற்றுகிறவர் களைத்தால் செய்தியும் களைக்கும். கேட்டு முடிந்ததும் ஆய்வு தொடங்கும். எங்களூரில் அப்போது ஆய்வாளர் அல்லாதவர் யாரும் இல்லை. லண்டனில் ஒரு மந்திரி தும்மினால் அதற்கு மூன்று விளக்கம் இருக்கும், மூன்றும் எங்களுக்குச் சாதகமாகவே இருக்கும். போரின் கடைசி மாதங்களில் பதுங்கு குழிக்குள் இருந்தபோதும் இந்தப் பழக்கம் விடவில்லை. "லண்டனிலை எங்கடை சனம் ரோட்டிலை இறங்கீட்டுதாம். இனி வெள்ளைக்காரன் சும்மா இருக்கமாட்டான்" என்று பக்கத்துக் குழிக்காரர் சொன்னார். நானும் நம்பினேன். அந்த ரோட்டில் இருந்த சனத்துக்குள் என் தங்கை வதனியும் ஒருத்தி.

வதனி மகனைக் கைக்குழந்தையாகத் தூக்கிக்கொண்டு லண்டன் போனவள். போன காரணம் ஒன்றே ஒன்றுதான். அவன் வளர்ந்து ஒரு நாள் யாருடைய துவக்கையும் தூக்கக்கூடாது. ஊரையும் விட்டாள், உறவையும் விட்டாள், குளிரில் கண்டபடி வேலை செய்து அவனை வளர்த்தாள். கபில் பத்தொன்பது வயதில் நேரே போய்ப் பிரித்தானிய இராணுவத்தில் சேர்ந்துவிட்டான். வாகனம் திருத்தும் பிரிவு. "மெக்கானிக் வேலைதானே அம்மா" என்றானாம். அவள் இதை ஒருவருக்கும் சொல்லவில்லை. கோயிலில் கேட்டவர்களிடம் மகன் கவுண்மேந்து உத்தியோகம் என்று சொல்லிவைத்தாள். எங்கள் ஆட்களிடம் போய் அப்படிச் சொல்லலாமா? அடுத்த கிழமையே சாதகக் குறிப்புகள் வரத் தொடங்கிவிட்டன.

அப்படியிருக்க ஒரு ஓகஸ்ட் மாதம் சிரியாவில் நச்சுப் புகை அடித்துச் சனம் செத்த செய்தி வந்தது. பிள்ளைகள் வரிசையாகக் கிடந்தார்கள். பிரித்தானியாவும் அடிக்கப் போகிறது, விடுமுறையில் நின்ற பாராளுமன்றத்தைக் கூப்பிட்டுவிட்டார்கள் என்றார்கள். வதனி தொலைக்காட்சியை நிறுத்திவிட்டாள். வேலையிடத்தில் கேட்கவும் பயம். கேட்டால் உனக்கேன் இந்த அக்கறை என்பார்கள். ஆகவே காலையில், நான் பால் வைக்கும் நேரம் பார்த்து, எனக்கு அழைப்பாள்.

"அண்ணை, இண்டைக்கு உங்கடை வெள்ளையள் என்ன சொல்லுகினம்?"

"பிளேன்தானே போகும் எண்டு கதைக்கினம். அவனை ஏன் கூப்பிடப்போயினம்?"

"ஈராக்குக்கும் முதல்லை பிளேன்தான் போனது."

பிரித்தானிய மக்கள் வேண்டாம் என்றால் அரசாங்கம் போகாது, மக்கள் என்ன நினைக்கிறார்கள் என்று கேட்டுச் சொல்லுங்கள் என்றாள். லண்டனில் குடியிருக்கும் ஒருத்தி, லண்டன் சனத்தின் மனசை அறியப் பலெர்மோவுக்கு அழைக்கிறாள். எனக்கும் அதில் ஒரு பிழையும் தெரியவில்லை. டைனமோக் காலத்து ஆய்வாளன் எனக்குள் எழும்பிவிட்டான்.

பாண் துண்டுகளைச் சுட்டு வைக்கும்போதே பேச்சைத் தொடங்குவேன். வெயிலைப் பற்றி ஒரு வசனம், அடுத்த வசனம் போர். இரண்டு தாதிப் பெண்கள் ஆஸ்பத்திரிக்கே காசில்லை, குண்டுக்கு எங்கே காசு என்றார்கள். இளைப்பாறிய ஆசிரியை ஒருவர், "ஒவ்வொருக்காவும் உதவி செய்யப் போறம், போன இடத்தை உடைச்சுப்போட்டு வாறம்" என்றார். பழைய ஈராக் போருக்குச் சொன்ன காரணம் பொய்யாகப் போனதை அந்த மேசையில் ஒருவரும் மறந்திருக்கவில்லை. வேண்டாம் என்றவர்களுக்கு நல்ல சூடான பால், இரண்டாம் தரம் கேட்காமலே தேநீர். நான் ஒரு நாட்டின் கருத்தைக் கணித்துக்கொண்டிருந்தேனா, இல்லை லஞ்சம் கொடுத்துக்கொண்டிருந்தேனா என்று இப்போது யோசித்தால் சிரிப்பு வருகிறது.

போக வேண்டும் என்றவர் ஒரே ஒருவர். ஹாரிஸ் என்று பெயர். லண்டனில் வேலை செய்து ஓய்ந்தவர், உயரம், மெல்லிய குரல். முதல் நாளே, "ஏதாவது செய்யத்தான் வேணும். பாத்துக்கொண்டிருக்கேலாது" என்று சொல்லிவிட்டார். வதனியிடம் சொன்னபோது ஃபோனை வைத்துவிட்டாள். எனக்கு அந்த மனிதரைக் கண்ணிலும் காட்டக்கூடாது என்றாகிவிட்டது. அன்றிலிருந்து அவருக்கு மட்டும் குளிர்சாதனப் பெட்டியிலிருந்து எடுத்த பச்சைப் பால். சூடு காட்டாத பாலை எங்கள் வீட்டில் விருந்தாளிக்கு வைத்தால் அதற்குப் பிறகு அவர் அந்தப் படலையைத் திறக்க மாட்டார். சில நாள் கழித்து சிஞ்ஞோரா என்னைக் கூப்பிட்டு முதுகில் தட்டினார். ஹாரிஸ் அவரிடம், இத்தாலியில் இந்த ஒரு இடத்தில்தான் தன் வீட்டுத் தேநீர் கிடைக்கிறது, பாலைக் காய்ச்சிக் கெடுக்காமல் வைக்கிறார்கள் என்று கையால் சைகை காட்டிப் புகழ்ந்தாராம். அவர்கள் பச்சைப் பால்தான் விட்டுக் குடிப்பார்களாம். இத்தனை வருடம் மற்ற எல்லாரும் மரியாதைக்காக என் காய்ச்சிய பாலைக் குடித்திருக்கிறார்கள்.

அடுத்த காலை மேசையில் அவர் மட்டும் இருந்தார். ஊர் எது என்று கேட்டார். சொன்னேன். கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். அவர் ஆங்கிலத்தில் சொன்னது என் காதில் எங்கள் பாசையிலேயே கிடக்கிறது, அப்படியே தருகிறேன்.

"உங்கடை ஆக்கள் எங்கடை பாராளுமன்றத்துக்கு முன்னாலை ரோட்டை மறிச்சுக்கொண்டு இருந்தவை. நான் அதாலைதான் வேலைக்குப் போறனான். பஸ் பிந்துது எண்டு எரிச்சல்பட்டனான். ஏன் இருக்கினம் எண்டு ஒரு நாளும் இறங்கிக் கேக்கேல்லை. பிறகுதான் வாசிச்சன், உங்கை என்ன நடந்ததெண்டு."

கரண்டியைத் திரும்ப எடுத்துக்கொண்டு, "அதுதான் இப்ப ஏதாவது செய்யவேணும் எண்டுறன்" என்றார்.

பதுங்கு குழிக்குள் இருந்து நாங்கள் எந்த வெள்ளைக்காரனுக்காகக் காத்திருந்தோமோ அவர் இதோ முன்னால் இருக்கிறார், நான் அவருக்குப் பச்சைப் பாலை வைத்துவிட்டு அவர் தோற்க வேண்டும் என்று மாதாவிடமும் பிள்ளையாரிடமும் மாறி மாறிக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். அந்த ரோட்டில் என் தங்கையும் இருந்தாள் என்று சொன்னேன், கபிலையும் சொன்னேன். அவன் இராணுவத்தில் இருப்பதை வெளியாள் ஒருவருக்குச் சொன்னது அதுதான் முதல் தரம்.

"அப்ப நீங்கள் என்ன நினைக்கிறியள்? போகவேணுமோ, வேண்டாமோ?" என்று கேட்டார்.

எல்லாரையும் கேட்டுத் திரிந்த என்னை அதுவரை ஒருவரும் கேட்கவில்லை. சிரியாவில் குழிக்குள் இருக்கும் சனம் என்ன நினைக்கும் என்று எனக்குத் தெரியும். வதனி என்ன நினைக்கிறாள் என்றும் தெரியும். வாயில் வந்ததைச் சொன்னேன்.

"ஆராவது போகத்தான் வேணும். அவன் போகக்கூடாது."

ஹாரிஸ் சிரிக்கவில்லை. "எங்கடை நாட்டிலை எல்லாரும் அதைத்தானே நினைக்கினம்" என்றார்.

பிறகு பாராளுமன்றம் கூடியது. மறுநாள் காலை மேசைக்கு முதலில் வந்தவர் அவர்தான். நான் பாலை அடுப்பில் வைத்துவிட்டு நின்றேன். கையில் இருந்த தட்டுக் கணினியை என் பக்கம் திருப்பினார். வாக்கெடுப்பில் அரசாங்கம் தோற்றுவிட்டது, பிரித்தானியா போகவில்லை, சனம் வேண்டாம் என்றதை உறுப்பினர்களும் கேட்டிருக்கிறார்கள். அவருடைய பக்கம்தான் தோற்றது. ஆனாலும், "ஓடிப்போய்த் தங்கச்சிக்கு ஃபோன் எடுங்கோ" என்று என்னைத் தள்ளிவிட்டார்.

மேல்மாடத்தில் நின்று அழைத்தேன். வதனி இன்னும் செய்தி கேட்டிருக்கவில்லை. "அவை போகேல்லை" என்றேன். அழப்போகிறாள் என்று காத்திருந்தேன்.

"அண்ணை, எனக்குப் பசிக்குது" என்றாள். "எப்ப சாப்பிட்டனான் எண்டே தெரியேல்லை. பானைக்குள்ளை என்ன கிடக்கெண்டு பாப்பம், ஃபோனை வையுங்கோ."

அந்த ஒரு சொல்லில் என் நெஞ்சில் இருந்த கல்லும் இறங்கியது. கீழே சந்தில் மீன்காரன் கூவிக்கொண்டு போனான். அந்தக் காட்டுக் கத்தலும் அன்றைக்குக் காதுக்கு இனிமையாக இருந்தது. திரும்பி உள்ளே போனால் குசினி முழுக்கப் புகை. பால் பொங்கிக் கருகி, அடுப்பெல்லாம் மண்ணிறமாகக் காய்ந்துகிடந்தது. ஹாரிஸ் சட்டைக் கையை மடித்துவிட்டுத் துணியால் உரஞ்சிக்கொண்டிருந்தார். அன்றைக்கு எல்லாருக்கும் பச்சைப் பால்தான், ஒருவரும் குறை சொல்லவில்லை.

அந்த நிம்மதிக்குள் ஒரு முள் இருந்ததையும் சொல்லிவிட வேண்டும். அந்த மாதங்களில் சிரியாக்காரர் கடலால் வந்து இறங்கிக்கொண்டிருந்தார்கள். கபோ சந்தையில் ஒரு பெண் என்னிடம் வந்து ரயில் நிலையத்துக்கு வழி கேட்டாள். வழியைக் காட்டினேன், நிலையம் வரைக்கும் கூட நடந்தும் போனேன். முகத்தை மட்டும் நேரே பார்க்க முடியவில்லை.

சிஞ்ஞோரா றொசெட்டா இப்போது மகளோடு வடக்கே போய்விட்டார். நீட்டு மேசையை யாரோ வாங்கிக்கொண்டு போனார்கள். மாடிகள் எல்லாம் நாள்வாடகை வீடுகளாகிவிட்டன. வாசலில் இலக்கம் அழுத்தித் திறக்கும் சின்னப் பெட்டிகள் தொங்குகின்றன. வருகிறவர்கள் சாவியை எடுத்து, பெட்டியை உருட்டிக்கொண்டு ஏறிவிடுவார்கள். போர் வேண்டுமா வேண்டாமா என்று அவர்களிடம் கேட்க அங்கே யாரும் இல்லை. ஹாரிஸ் சில வருடம் கிறிஸ்மஸ் வாழ்த்து அனுப்பினார், பிறகு அதுவும் நின்றுவிட்டது.

கபில் இராணுவத்தை விட்டு வெளியே வந்து இப்போது லண்டனில் பஸ் திருத்துகிறான். வெளியே வந்த வருடம் என்னைப் பார்க்க வந்தான். அந்தப் பழைய வாசலுக்குக் கூட்டிப்போய் என் ஆய்வுகளையும் பச்சைப் பால் கதையையும் சொன்னேன். விழுந்து விழுந்து சிரித்தான். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டுக் கடல் பக்கம் பார்த்தான்.

"மாமா, அந்த வாக்கெடுப்பு இரவு எங்களைச் சிரியாவுக்குப் பக்கத்திலை இருக்கிற சைப்பிரஸ் தளத்துக்குப் போக ஆயத்தமா நிக்கச் சொன்னவை. பையைக் கட்டிக் கட்டிலுக்குப் பக்கத்திலை வைச்சிருந்தனான். விடியத்தான் அவிட்டு உடுப்பைத் திரும்ப அலுமாரியிலை வைச்சன். அம்மாட்டைச் சொல்லிப்போடாதேங்கோ."

நான் இன்றுவரைக்கும் சொல்லவில்லை. கபில் வீட்டுக்கு வந்த பிறகு வதனியின் காலை அழைப்புகள் நின்றுபோயின. பால் வைக்கும் நேரத்தில் நானாக அழைத்தாலும் அவள் இன்னும் எழும்பியிருக்க மாட்டாள். கபில்தான் எடுத்து, குரலைத் தாழ்த்தி, "அம்மா நித்திரை மாமா, பிறகு எடுங்கோ" என்கிறான்.