நாடி பிடித்த தையல் மெஷின்

எங்கள் மண்ணரை பனியன் கம்பெனிக்கு முதல் கம்ப்யூட்டர் வந்த வருடம், கண்காட்சிக்குக் கலைப்பொருள் செய்யப் பழைய தையல் மெஷின் கேட்டு ஒருவர் வந்தார். ஒல்லியானவர். விரலெல்லாம் ஒயர் பற்றவைக்கும் சால்டரிங் கம்பி சுட்ட தழும்பு. எந்த மெஷினைத் தொடுவதற்கு முன்பும் அதனிடம் "மன்னிக்கோணுங்க" என்பார். மெக்கானிக்கான எனக்கு அது வேடிக்கையாக இருந்தது.

ஒரு வாரத்தில் மெஷினோடு ஒரு தகட்டை இணைத்தார். அதில் கை வைத்தால், வைத்தவரின் நாடித்துடிப்பு வேகத்தில் மெஷின் தைக்கும். எங்கள் கம்பெனியில் தைக்கும் தூத்துக்குடி டெய்லர் அக்கா கை வைத்தார். ஊசி நிதானமாக ஏறி இறங்கியது.

"எனக்குள்ள இம்புட்டு அமைதியா? வீட்டுல ஒருத்தரும் நம்ப மாட்டாவளே!"

மறுநாள் ஷிப்மெண்ட் அனுப்பியாக வேண்டும். முதலாளி, "ஏனுங்க, இது வேகமா ஓடாதுங்களா?" என்றார்.

"கை வைக்கிறவங்க பயந்தா ஓடுமுங்க" என்றார் கலைஞர்.

உடனே முதலாளி, தகட்டில் கை வைத்திருந்த அக்காவின் காதருகே, "நாளையிலிருந்து வேலைக்கு வராதீங்க!" என்று கத்தினார். மெஷின் பறந்தது. "இதே மாதிரி இன்னும் பத்து பண்ணிக் குடுங்க" என்றார் மகிழ்ச்சியாக.

கலைஞர் முதலாளியின் கையை எடுத்துத் தகட்டில் வைத்தார். மெஷின் அதைவிட வேகமாக அதிர்ந்து ஊசி ஒடிந்தது. அன்று முழுக்க முதலாளி யாரையும் அதட்டவில்லை.

வழியனுப்பும்போது கேட்டேன், "நீங்க மட்டும் கையே வைக்கலீங்களே?"

"தைரியம் வரலீங்க" என்று சொல்லிவிட்டுப் பல்லடம் பஸ்ஸில் ஏறிக்கொண்டார்.